டேட் முடிஞ்ச இயற்கை க்ரீம், தைலம், சோப்பு: எதை வச்சுக்கலாம், எதைத் தூக்கிப் போடணும்?

ஊட்டி கமர்ஷியல் ரோட்டுல ஆரம்பிச்சு குன்னூர் பெட்ஃபோர்ட், கோத்தகிரி பஜார், அந்தப் பக்கம் கொடைக்கானல் ஏழு ரோடு வரைக்கும் எங்க திரும்புனாலும் தைலக்கடைதான். யூகலிப்டஸ் தைலம், எலுமிச்சைப்புல் எண்ணெய், கையால செஞ்ச சோப்பு, தேன்மெழுகு லிப் பாம், கத்தாழை ஜெல், ரோஸ் வாட்டர்னு அடுக்கி வச்சிருக்காங்க. சீசனுக்கு வர்றவங்க பை நிறைய வாங்கிட்டு கீழ இறங்கிடறாங்க, மலையில இருக்கற நம்ம வீட்டு அலமாரியிலயும் அதே பாட்டில்கள் பாதி பாதியா சேர்ந்துக்கிட்டே இருக்கு. அப்புறம் என்னைக்காவது லேபிளைத் திருப்பிப் பார்த்தா டேட் போன வருஷமே முடிஞ்சிருக்கும்.

அப்ப யார்கிட்ட கேட்டாலும் ரெண்டு விதமான பதில்தான் கிடைக்கும். ஒண்ணு, "இயற்கைப் பொருள்தானே, கெமிக்கலா என்ன, ஒண்ணும் ஆகாது, தேய்ச்சுக்கோ". இன்னொண்ணு, "டேட் தாண்டுனா விஷம், தொடவே தொடாதே". ரெண்டுமே தப்பு, அதுலயும் முதல் பதில் கொஞ்சம் ஆபத்தான தப்பு. சில பொருள் டேட் தாண்டி சில மாசம் ஆனாலும் பெருசா பிரச்சனை பண்ணாது, சில பொருள் டேட்டுக்கு ரொம்ப முன்னாடியே முகத்துல வைக்கக் கூடாத நிலைமைக்கு வந்துடும். எது எந்த ரகம்னு பிரிச்சுப் பார்க்கத் தெரிஞ்சா போதும், அதுக்கு கெமிஸ்ட்ரி படிச்சிருக்கணும்னு இல்ல, சமையல்கட்டுல நாம தினமும் பண்ற அதே கணக்குதான்.

சட்னி கெடறது வேற, முறுக்கு கெடறது வேற

காலைல அரைச்ச தேங்காய்ச் சட்னியை வெளியவே விட்டா கோயம்புத்தூர்ல மத்தியானமே ஊசிப்போயிடும், ஊட்டிக் குளிர்ல ராத்திரி வரைக்கும் தாங்கும், எப்படியும் கெடத்தான் செய்யும். தீபாவளிக்குச் சுட்ட முறுக்கு அப்படி ஊசாது. ஆனா பொங்கல் முடிஞ்சு டப்பாவைத் திறந்தா குப்புன்னு ஒரு சிக்கு வாடை வரும், வாயில போட்டா காறும்.

சட்னியில தண்ணி இருக்கு, அதனால அதுல கிருமி வளருது. முறுக்குல தண்ணி கிடையாது, கிருமிக்கு அங்க வேலையே இல்ல, ஆனா அதுல இருக்கற எண்ணெயோட காத்துல இருக்கற ஆக்சிஜன் மெதுவா சேர்ந்து எண்ணெயையே வேற பொருளா மாத்திடுது. இதுக்குத்தான் ஆக்சிடேஷன்னு பேரு. தோல்ல பூசற பொருள்களும் பெரும்பாலும் இந்த ரெண்டு வழியிலதான் கெடுது, தண்ணி இருந்தா கிருமி, எண்ணெய் இருந்தா ஆக்சிடேஷன். க்ரீம் மாதிரி ரெண்டும் சேர்ந்த பொருளா இருந்தா ரெண்டு வழியும் திறந்தே இருக்கு.

இதுல "இயற்கை"ங்கறது எதையும் மாத்தப் போறதில்ல. கிருமியும் இயற்கைதான், பூஞ்சையும் இயற்கைதான். சொல்லப்போனா இலையில இருந்து, பூவுல இருந்து, பழத்துல இருந்து எடுத்த சாறு கிருமிக்கு நல்ல சாப்பாடு.

தண்ணி இருக்கா?

எந்தப் பொருளைக் கையில எடுத்தாலும் முதல்ல கேட்க வேண்டிய கேள்வி இதுதான். கத்தாழை ஜெல்லுல கிட்டத்தட்ட 98, 99 சதவீதம் தண்ணி. ரோஸ் வாட்டர், டோனர், முகத்துல அடிச்சுக்கற ஸ்ப்ரே எல்லாம் தண்ணிதான். க்ரீமும் லோஷனும் தண்ணியையும் எண்ணெயையும் சேர்த்து அடிச்சது, தானா ஒண்ணு சேராத இந்த ரெண்டையும் பிரியாம பிடிச்சு வைக்க எமல்சிஃபையர்னு ஒரு பொருள் போட்டிருப்பாங்க. லேபிள்ல சேர்மானம் எழுதறப்ப எது அதிகமோ அதை முதல்ல எழுதுவாங்க, அதனால முதல் பேரே வாட்டர், அக்வா, அலோவேரா ஜூஸ்னு இருந்தா அது சட்னி ரகம், யோசிக்கவே வேண்டாம்.

இங்க ஒரு சின்ன நுணுக்கம் இருக்கு. ஒரு பொருள்ல மொத்தம் எவ்வளவு தண்ணி இருக்குங்கறதை விட, அதுல கிருமி எடுத்துக்கற மாதிரி எவ்வளவு சும்மா கிடக்குதுங்கறதுதான் முக்கியம். நல்ல தேன்ல 20 சதவீதம் வரைக்கும் தண்ணி இருக்கலாம், இருந்தும் அது வருஷக்கணக்கா கெடறதில்ல, ஏன்னா அந்தத் தண்ணியை எல்லாம் சர்க்கரை கெட்டியாப் பிடிச்சு வச்சிருக்கு, கிருமிக்குக் கொடுக்கறதில்ல. கிருமிக்குக் கிடைக்கற இந்தத் தண்ணியோட அளவுக்கு வாட்டர் ஆக்டிவிட்டின்னு பேரு. வெறும் தண்ணிக்கு அது 1, தேனுக்கு சுமார் 0.6. பெரும்பாலான பாக்டீரியாவுக்கு 0.9க்கு மேல வேணும், பூஞ்சைகள்ல பலதும் அதை விடக் கம்மியிலயே சமாளிச்சுக்கும்.

அதே தேன் மழைக்காலத்துல எடுத்து தண்ணி கூடுதலா சேர்ந்திருந்தா நுரைச்சுப் புளிச்சுப் போயிடும், மலையில தேன் எடுக்கறவங்களுக்கு இது நல்லாவே தெரியும். வீட்டுல தேனும் ரோஸ் வாட்டரும் பாலும் கலந்து ஃபேஸ் பேக் பண்ணி மீதியை டப்பாவுல எடுத்து வைக்கறவங்க நிறைய பேரு, "தேன்தான் கெடாதே"ன்னு நம்பிக்கை. தண்ணி சேர்ந்த நிமிஷமே அந்தக் கணக்கு முடிஞ்சுபோச்சுங்க, அதை அன்னைக்கே பூசி முடிச்சுடணும்.

கெட்டுப்போன க்ரீம்ல என்னதான் வளருது? சூடோமோனாஸ், ஸ்டஃபைலோகாக்கஸ்னு ரெண்டு பாக்டீரியா, கேண்டிடான்னு ஒரு ஈஸ்ட், ஆஸ்பர்ஜில்லஸ்னு ஒரு பூஞ்சை, இந்த வகையறாதான் அழகுசாதனப் பொருள்கள்ல அடிக்கடி மாட்டறது. நம்ம விரல்ல இருந்து போகும், குழாய்த்தண்ணியில இருந்து போகும், மூடியைத் திறந்து வச்சா காத்துல இருந்தும் போகும். எல்லாரும் தப்பா நினைச்சுக்கற இடம் இதுதான்: கிராமுக்கு லட்சக்கணக்குல பாக்டீரியா இருந்தாலும் க்ரீம் பார்க்க வெள்ளையா, வாசனையா, புதுசு மாதிரியே இருக்கலாம். கருப்பா பச்சையா புள்ளி தெரியற வரைக்கும் நல்லாத்தான் இருக்குன்னு அர்த்தம் கிடையாது, புள்ளி தெரியறது கடைசிக் கட்டம். அப்பவும் சில பேரு மேலாப்புல ஸ்பூன்ல எடுத்துப் போட்டுட்டு அடியில இருக்கறதைப் பூசுவாங்க. பூஞ்சையோட வேர் மாதிரியான இழைகள் கண்ணுக்குத் தெரியாம கீழ வரைக்கும் இறங்கியிருக்கும், தயவுசெஞ்சு அப்படிப் பண்ணாதீங்க.

நல்ல தோல் ஒரு சுவர் மாதிரி நின்னு இதுல முக்காவாசியைத் தடுத்துடும், அதனாலதான் நிறைய பேருக்கு பழைய க்ரீம் பூசியும் ஒண்ணும் ஆகறதில்ல, ஒண்ணும் ஆகாததாலயே அடுத்தவங்களுக்கும் தைரியமா சொல்லிடறாங்க. ஆனா டிசம்பர், ஜனவரி உறைபனியில கன்னம் வெடிச்சு, உதடு வெடிச்சு, குதிகால் பிளந்து கிடக்கற நேரத்துலதான் நாம தேடித்தேடி க்ரீம் பூசறோம். சுவர்ல விரிசல் விட்டிருக்கற நேரம் அது. ஷேவ் பண்ண முகம், உடைஞ்ச பரு, எக்ஸிமா இருக்கற இடம், சின்னக் குழந்தையோட மெல்லிசு தோல், இது எல்லாமே அதே கதைதான். கண்ணு எல்லாத்தையும் விட மோசம், சூடோமோனாஸ் கருவிழியில இறங்குனா பார்வைக்கே ஆபத்து, அதனால பழைய கண்மை, கண்ணைச் சுத்திப் பூசற க்ரீம், இதுல மட்டும் கொஞ்சம்கூட சலுகை கிடையாது.

இதுவரைக்கும் பார்த்ததைச் சுருக்கமா சொன்னா, தண்ணி இருந்தா கிருமி வளரும், வளர்ந்தது கண்ணுக்கும் மூக்குக்கும் தெரியாம இருக்கலாம், வெடிச்ச தோலுக்கும் கண்ணுக்கும்தான் அதிக ஆபத்து.

ப்ரிசர்வேட்டிவ் இல்லைன்னா நல்லதா?

கிருமி வளராம தடுக்கப் போடற பொருளுக்குத்தான் ப்ரிசர்வேட்டிவ்னு பேரு. "நோ ப்ரிசர்வேட்டிவ்"னு பெருசா எழுதியிருந்தா அது பெருமைன்னு நினைச்சு வாங்கறோம். எண்ணெய், மெழுகு, சோப்பு மாதிரி தண்ணி இல்லாத, இல்லைன்னா கிருமிக்குப் பிடிக்காத பொருள்ல அது இல்லாட்டி பரவாயில்ல. தண்ணி இருக்கற க்ரீம்ல ப்ரிசர்வேட்டிவே இல்லைன்னா, அது ஃப்ரிட்ஜ்ல சில நாள் இருக்க வேண்டிய பொருள், ஆறு மாசம் ஷெல்ஃப்ல நிக்க வேண்டிய பொருள் இல்ல. ஷெல்ஃப்ல நிக்குதுன்னா ஒண்ணு அதுல ஏதோ ஒரு ப்ரிசர்வேட்டிவ் இருக்கு, இல்லைன்னா அதுல கிருமி இருக்கு.

ரொம்ப பேரு குழப்பிக்கற விஷயம் வைட்டமின் ஈ. வீட்டுல க்ரீம் செய்யறவங்க நாலு வைட்டமின் ஈ கேப்ஸ்யூலை உடைச்சு ஊத்திட்டு "இயற்கை ப்ரிசர்வேட்டிவ் போட்டாச்சு"ன்னு சொல்றாங்க. வைட்டமின் ஈ ஒரு ஆன்டி-ஆக்சிடன்ட், அதாவது எண்ணெய் சிக்குப் பிடிக்கறதை தாமதப்படுத்தற பொருள். கிருமியை அது ஒண்ணும் பண்ணாது. முறுக்குக்கு உதவும், சட்னிக்கு உதவாது. மஞ்சளும் வேப்பிலையும் ரெண்டு சொட்டு தைலமும் போட்டா கிருமி வராதுன்னு சொல்றதும் இதே மாதிரிதான், கொஞ்சம் கட்டுப்படுத்தலாமே தவிர ஒரு டப்பா க்ரீமை மாசக்கணக்கா காப்பாத்தற அளவுக்கு அது போதாது. சோடியம் பென்சோயேட், பொட்டாசியம் சார்பேட்னு ஊறுகாய் பாட்டில்லயும் பார்க்கற ரெண்டு பேரு இருக்கே, இயற்கைன்னு விக்கற நிறைய க்ரீம்ல அதுதான் போடறாங்க, அதுவும் புளிப்புத்தன்மை போதுமான அளவு இருந்தாத்தான் வேலை செய்யும்.

ஒழுங்கான கம்பெனி ஒரு க்ரீமை வெளிய விடறதுக்கு முன்னாடி அதுல வேணும்னே கிருமியைக் கலந்து, 28 நாள் வரைக்கும் அதோட எண்ணிக்கை எவ்வளவு குறையுதுன்னு பார்ப்பாங்க. இதுக்கு சேலஞ்ச் டெஸ்ட்னு பேரு. வீட்டுல செய்யற க்ரீமுக்கு இந்தச் சோதனை கிடையாது. செய்யறவங்க கெட்டவங்கன்னு நான் சொல்லவே இல்ல, நல்ல மனசோட, நல்ல பொருள் போட்டுத்தான் செய்யறாங்க, ஆனா கிருமி அதைப் பார்க்கறதில்ல.

எண்ணெய் எப்படி சிக்குப் பிடிக்குது

எண்ணெய்ங்கறது கொழுப்பு அமிலங்கள்னு சொல்ற நீளமான கார்பன் சங்கிலிகளால ஆனது. சில சங்கிலியில இரட்டைப் பிணைப்புன்னு சொல்ற பலவீனமான இடங்கள் இருக்கும், அதுக்குப் பக்கத்துலதான் ஆக்சிஜன் தாக்கும். தாக்குன இடத்துல பெராக்ஸைடுன்னு ஒரு பொருள் உண்டாகி, அது அடுத்த சங்கிலியைத் தாக்கி, இப்படியே போயி கடைசியில சின்னச் சின்ன துண்டா உடையும், அந்தத் துண்டுகளோட வாசனைதான் சிக்கு வாடை.

அதனால இரட்டைப் பிணைப்பு எவ்வளவு கம்மியோ அவ்வளவு நாள் எண்ணெய் தாங்கும். தேங்காயெண்ணெய்ல சுமார் 90 சதவீதம் அந்தப் பலவீனம் இல்லாத நிறைவுற்ற கொழுப்பு, அதுதான் அது நாள்பட நிக்குது. நல்லெண்ணெய்ல பலவீனமான இடம் நிறைய இருந்தும் அதுக்குள்ளயே இயற்கையா ஆன்டி-ஆக்சிடன்ட் இருக்கறதால நல்லாவே தாங்கும். ஆளிவிதை எண்ணெய், முகத்துக்குன்னு சின்ன பாட்டில்ல விலை அதிகமா விக்கற ரோஸ்ஹிப் எண்ணெய், திராட்சை விதை எண்ணெய், இதெல்லாம் திறந்து சில மாசத்துலயே மாற ஆரம்பிச்சுடும்.

வெளிச்சம், காத்து, சூடு மூணும் இதை வேகப்படுத்தும். தோராயமா 10 டிகிரி கூடுனா வேகம் ரெண்டு மடங்காகும்னு ஒரு கணக்கு உண்டு, அந்த வகையில மலையில இருக்கறவங்களுக்கு ஒரு வசதி, ஊட்டி வீட்டு அலமாரியில இருக்கற பாட்டில் திருப்பூர் வீட்டுல இருக்கறதை விட மெதுவாத்தான் கெடும். ஆனா அந்த வசதியை நாமளே கெடுத்துக்கறோம். தேங்காயெண்ணெய் 24 டிகிரிக்குக் கீழ உறைஞ்சுடும், மலையில வருஷத்துல முக்காவாசி நாள் அது கட்டியாத்தான் இருக்கும், அதனால தினமும் பாட்டிலோட கொண்டுபோயி அடுப்புத் திண்டுல, பாய்லர் பக்கத்துல, வெந்நீர்ல வச்சு உருக்கறோம். உருக்கறதும் உறையறதுமா மொத்த எண்ணெயும் தினமும் சூடாகுது, போதாததுக்கு வெந்நீர்ல வச்ச பாட்டில் மூடி வழியா தண்ணியும் உள்ள போகும். வாய் அகலமான டப்பாவுல வச்சு, காஞ்ச ஸ்பூன்ல வேணுங்கற அளவு மட்டும் எடுத்து உள்ளங்கையில தேய்ச்சாலே உருகிடும், மொத்தத்தையும் சூடு பண்ணத் தேவையே இல்ல.

செம்பருத்தி, கறிவேப்பிலை, மருதாணி போட்டுக் காய்ச்சற எண்ணெய் இருக்கே, அதுல பெரியவங்க சடசடன்னு வர்ற சத்தம் அடங்கற வரைக்கும் இறக்க விட மாட்டாங்க. அந்தச் சத்தம் இலையில இருக்கற தண்ணி கொதிச்சு வெளியேறற சத்தம். அது அடங்கறதுக்கு முன்னாடி இறக்குனா தண்ணி அடியில தங்கிடும், எண்ணெய் பாட்டிலுக்கு அடியில பூஞ்சை பூக்கறது இப்படித்தான். பச்சை இலையை அப்படியே எண்ணெய்ல ஊறப்போட்டு ஜன்னல்ல வெயில்ல வைக்கற முறை இப்ப வீடியோ பார்த்து நிறைய பேரு பண்றாங்க, இலையை நல்லா நிழல்ல காய வைக்காம அதைப் பண்ணக் கூடாது.

சிக்குப் பிடிச்ச எண்ணெயைப் பூசுனா என்ன ஆகும்? பெரும்பாலும் உடனே பெருசா ஒண்ணும் ஆகாது, சிலருக்கு அரிப்பு, எரிச்சல், சிவப்பு வரலாம். தண்ணிப் பொருள் அளவுக்கு பயப்பட வேண்டியதில்ல, ஆனா வாசனை மாறிடுச்சுன்னா அதைத் தோல்ல போட ஒரு காரணமும் இல்ல. இந்த ரகத்துல மூக்கு நல்ல சாட்சி, நம்பலாம்.

வாசனைத் தைலம்: இங்கதான் கவனம் அதிகம் வேணும்

"தைலம் பழசாக ஆகத்தான் வீரியம்"னு ஒரு பேச்சு இருக்கு. தோலைப் பொறுத்த வரைக்கும் இது ரொம்பத் தப்பான பேச்சு.

ஆரஞ்சு, எலுமிச்சைத் தோல் எண்ணெய்ல லிமோனீன்னு ஒரு பொருள் அதிகம், லாவெண்டர்ல லினலூல் அதிகம். புதுசா இருக்கறப்ப இது ரெண்டும் தோலுக்குப் பெரிய தொந்தரவு இல்ல. ஆனா பாதி காலியான பாட்டில்ல காத்தோட இருந்து ஆக்சிடேஷன் ஆகும்போது ஹைட்ரோபெராக்ஸைடுன்னு புதுப் பொருள்கள் உண்டாகுது, இதுங்க தோல் அலர்ஜியை உண்டாக்கறதுல கெட்டிக்காரங்க. ஸ்வீடன்ல கோத்தன்பர்க் பல்கலைக்கழக ஆராய்ச்சியாளர்கள் வருஷக்கணக்கா இதைத்தான் ஆராய்ஞ்சு காட்டியிருக்காங்க.

அலர்ஜி எப்படி வருதுன்னு தெரிஞ்சா இது ஏன் முக்கியம்னு புரியும். இந்தச் சின்ன மூலக்கூறு தோலுக்குள்ள போயி நம்ம உடம்போட புரதத்துல ஒட்டிக்குது, உடம்போட எதிர்ப்பு சக்தி அதை எதிரின்னு குறிச்சு ஞாபகம் வச்சுக்குது. இந்தக் கட்டத்துக்கு சென்சிடைசேஷன்னு பேரு, இது நடக்கறப்ப வெளிய ஒண்ணுமே தெரியாது. அப்புறம் ஒரு தடவை அதே பொருள் பட்டதும் அரிப்பு, கொப்புளம், நீர் வடியறதுன்னு கிளம்பும். அந்த ஞாபகம் பெரும்பாலும் ஆயுசுக்கும் போகாது. பழைய தைலத்தால வந்த அலர்ஜி புது சோப்பு, ஷாம்பு, ரூம் ஸ்ப்ரேன்னு அதே வாசனைப்பொருள் இருக்கற எல்லாத்துக்கும் நம்மளைத் துரத்தும். எரிச்சல்னா கழுவுனா போயிடும், இது அப்படி இல்ல, அதனாலதான் இவ்வளவு அழுத்திச் சொல்றேன்.

டீ ட்ரீ ஆயிலும் பழசானா இதே பிரச்சனை பண்றதுல பேர் போனது. (இது நம்ம தேயிலைச் செடியில இருந்து வர்றதுன்னு எஸ்டேட் ஊர்லயே நிறைய பேரு நினைச்சுட்டிருக்காங்க, இல்லைங்க, அது ஆஸ்திரேலியாவுல வளர்ற வேற ஒரு மரம், யூகலிப்டஸோட குடும்பம்.) நம்ம யூகலிப்டஸ் தைலத்துல முக்கியமா இருக்கற சினியோல் ஓரளவு நிலையானது, அதனால அது மத்ததை விட நாள் தாங்கும், ஆனா அதுலயும் லிமோனீன் கொஞ்சம் இருக்கு. எலுமிச்சைப்புல் எண்ணெய்ல இருக்கற சிட்ரால் புதுசா இருக்கும்போதே சிலருக்கு அலர்ஜி பண்ணும். எந்தத் தைலமா இருந்தாலும் கலக்காம நேரடியா தோல்ல வைக்கறதை விட்டுடுங்க, புதுசோ பழசோ.

டேட்டுக்கு சம்பந்தம் இல்லாட்டியும் இதைச் சொல்லாம போக மனசு வரல: யூகலிப்டஸ் தைலமும் விண்டர்கிரீன் தைலமும் குழந்தை கைக்கு எட்டற இடத்துல வைக்காதீங்க. ஒரு டீஸ்பூன் அளவு குடிச்சாலே குழந்தை உயிருக்கு ஆபத்து.

வாங்கும்போது அடர் நிறக் கண்ணாடி பாட்டில், அதுவும் சின்ன பாட்டிலா பார்த்து வாங்குங்க. மெல்லிசு பிளாஸ்டிக் பாட்டில்ல ஊத்தித் தர்ற தைலம் பிளாஸ்டிக்கையே இளக வைக்கும். பெரிய பாட்டில்ல கால்வாசி மட்டும் மிஞ்சியிருந்தா மீதி முழுக்க காத்து, அதையும் யோசிச்சுக்கோங்க. வாசனை மாறி டர்பன்டைன், பெயின்ட் மாதிரி நெடி வந்தா அது முடிஞ்ச தைலம்.

சுருக்கமா: எண்ணெய் கெட்டா எரிச்சல், தைலம் கெட்டா அலர்ஜி. ரெண்டுலயும் காத்தும் வெளிச்சமும் சூடும்தான் காரணம், கிருமி இல்ல.

லேபிள்ல இருக்கற டேட் என்ன சொல்லுது

அந்த டேட் மூடி திறக்காம, சரியான இடத்துல வச்சிருந்தா எது வரைக்கும் பொருள் நல்லா இருக்கும்னு கம்பெனி கொடுக்கற வாக்கு. பொருளை அதிக சூட்டுல மாசக்கணக்கா வச்சுப் பார்த்து, அதுல இருந்து கணக்குப் போட்டு போடறது. அந்த தேதி ராத்திரி 12 மணிக்கு க்ரீம் விஷமா மாறறதில்ல, அதே மாதிரி நீங்க திறந்து ஈர விரல் விட்டுட்டா அந்த டேட் வரைக்கும் நல்லா இருக்கும்னும் இல்ல.

திறந்ததுக்கு அப்புறம் எவ்வளவு நாள்ங்கறதுக்கு தனியா ஒரு குறி இருக்கு. மூடி திறந்த டப்பா படம் போட்டு அதுக்குள்ள 6எம், 12எம்னு எழுதியிருக்கும், திறந்த நாள்ல இருந்து 6 மாசம், 12 மாசம்னு அர்த்தம். ஐரோப்பாவுல 30 மாசத்துக்கு மேல தாங்கற பொருளுக்கு இந்தக் குறி கட்டாயம், நம்ம ஊர்லயும் நிறைய கம்பெனி போடறாங்க. டேட், குறி ரெண்டுல எது முன்னாடி வருதோ அதுதான் கணக்கு. திறந்த அன்னைக்கே பாட்டில் அடியில மார்க்கர்ல தேதி எழுதிடறது ரொம்ப நல்ல பழக்கம், யாருக்கும் ஞாபகம் இருக்காது.

இந்தியாவுல 2020ல வந்த அழகுசாதனப் பொருள் விதிகள்படி தயாரிச்சவங்க பேரு, முகவரி, பேட்ச் நம்பர், லைசென்ஸ் நம்பர், எது வரைக்கும் பயன்படுத்தலாம்ங்கற மாசம் வருஷம் எல்லாம் லேபிள்ல இருக்கணும். ஆயுர்வேத, சித்த மருந்துகளுக்கு தனி விதி, அதுலயும் காலாவதி தேதி போட்டாகணும். ஆனா டூரிஸ்ட் கடையில வெறும் "ப்யூர் நேச்சுரல்"னு ஸ்டிக்கர் ஒட்டி, டேட்டே இல்லாம நிறைய கிடைக்குது. அதுல எண்ணெயும் சோப்பும் கூட சரி, தண்ணி இருக்கற எதையும் டேட் இல்லாம வாங்காதீங்க.

மலை வீட்டோட ஈரம்

குளிர் நமக்கு உதவுதுன்னு மேல சொன்னேன், ஈரம் அப்படி இல்ல. ஜூன்ல இருந்து செப்டம்பர் வரைக்கும் நீலகிரியில, அக்டோபர் நவம்பர்ல கொடைக்கானல்ல, சுவத்துலயும் தோல் செருப்புலயும் பூஞ்சை பூக்கற மாசங்கள்ல கடலைமாவு, நலங்கு மாவு, முல்தானி மிட்டி எல்லாம் காத்துல இருக்கற ஈரத்தை இழுத்துக்கும். பொடி உதிரியா இல்லாம கட்டி கட்டியா ஆயிடுச்சுன்னா ஈரம் ஏறிடுச்சுன்னு அர்த்தம், புழுங்கின வாசனை இருந்தா டேட் எவ்வளவு பாக்கி இருந்தாலும் முகத்துக்கு வேண்டாம். காத்து போகாத கண்ணாடி பாட்டில்ல வச்சு, ஈரக்கை படாம ஸ்பூன்ல எடுத்தா பொடி நல்லாவே தாங்கும். பாத்ரூம்ல வைக்காதீங்க, கீசர் ஆவி தினமும் அதுமேலதான்.

சோப்பு விஷயத்துல கவலை கம்மி. கையால செஞ்ச சோப்போட காரத்தன்மை, அதாவது பிஹெச், 9, 10 இருக்கும், அதுல கிருமி சுலபமா வளராது. மழைக்காலத்துல மேல முத்து முத்தா வேர்க்கறது சோப்புல இருக்கற கிளிசரின் ஈரத்தை இழுக்கறதால, அது கெட்டது இல்ல. ஆரஞ்சு நிறத்துல புள்ளி வந்து சிக்கு வாடை அடிச்சா உள்ள இருக்கற எண்ணெய் மாறியிருக்கு, கை கழுவ வச்சுக்கலாம், முகத்துக்கு வேண்டாம். தேன்மெழுகு பாமும் தண்ணி இல்லாததால நல்லா தாங்கும், அதுவும் வாசனை மாறற வரைக்கும்தான்.

சன்ஸ்க்ரீன் மட்டும் தனியா பார்க்கணும். 1,000 மீட்டர் ஏற ஏற புற ஊதாக் கதிர் சுமார் 10 சதவீதம் கூடும்னு உலக சுகாதார நிறுவனம் சொல்லுது. ஊட்டி 2,240 மீட்டர், கொடைக்கானல் 2,100க்கு மேல, குளிரா இருக்கறதால வெயில் உறைக்காது, ஆனா தோல் கருகும். டேட் முடிஞ்சு பிரிஞ்சு போன சன்ஸ்க்ரீன் பூசுனா ஒரு இடத்துல படும், ஒரு இடத்துல படாது, நாம பாதுகாப்பா இருக்கறதா நினைச்சுக்கிட்டு எஸ்டேட்ல நாள் முழுக்க நிப்போம். இதுல டேட் தாண்டுனா தூக்கிப் போடறதைத் தவிர வேற வழி கிடையாது.

அலமாரியைக் காலி பண்ணும்போது

டேட் முடிஞ்ச கத்தாழை ஜெல், ரோஸ் வாட்டர், க்ரீம், லோஷன், கண்மை எல்லாம் வாசனை நல்லா இருந்தாலும் போடுங்க குப்பையில. எண்ணெயும் பாமும் டேட் கொஞ்சம் தாண்டியிருந்தா மூக்கைக் கேட்டு முடிவு பண்ணலாம், நிறம், பிசுபிசுப்பு மாறியிருந்தா வேண்டாம். பழைய வாசனைத் தைலத்தைத் தோல்ல வைக்காதீங்க, வீணாக்க மனசு இல்லைன்னா கையுறை போட்டுக்கிட்டு தரை துடைக்கற தண்ணியில சில சொட்டு விட்டுத் தீர்த்துடலாம். சாக்கடையில, ஓடையில ஊத்தாதீங்க, பழைய பேப்பர்ல உறிஞ்ச வச்சு குப்பையில போட்டுட்டு பாட்டிலைத் தனியா கொடுத்துடுங்க.

முழங்கை மடிப்புல கொஞ்சம் தடவிப் பார்த்துட்டு ஒண்ணும் ஆகலைன்னா பழசைப் பூசலாமான்னு நிறைய பேரு கேக்கறாங்க. அந்தச் சோதனை ஒரு புதுப் பொருள் உங்களுக்கு ஒத்துக்குதான்னு பார்க்க உதவும், அதுவும் ஒரே தடவை தடவிப் பார்த்தா போதாது, ஒரு வாரத்துக்கு மேல தினமும் ரெண்டு வேளை தடவிப் பார்க்கணும். க்ரீம்ல கிருமி இருக்கான்னு அது சொல்லாது, சத்தமில்லாம நடக்கற சென்சிடைசேஷனையும் அது காட்டாது.

ஏற்கனவே பூசி அரிப்போ சிவப்போ வந்துட்டா நிறைய தண்ணியில கழுவிட்டு, அதுக்கு மேல இன்னொரு இயற்கை வைத்தியத்தைப் பூசாம விட்டுடுங்க. ரெண்டு மூணு நாள்ல குறையலைன்னாலோ, சீழ், கொப்புளம், காய்ச்சல் வந்தாலோ தோல் டாக்டரைப் பாருங்க. கண்ணு வலிச்சு சிவந்தா அன்னைக்கே கண் டாக்டர்கிட்ட போயிடணும். போகும்போது அந்த டப்பாவை லேபிளோட கையில எடுத்துட்டுப் போங்க, எந்தச் சேர்மானத்தால வந்ததுன்னு கண்டுபிடிக்க டாக்டருக்கு அதுதான் ஆதாரம், தேவைப்பட்டா அதை வச்சுத்தான் முதுகுல ஒட்டி அலர்ஜி சோதனை பண்ணுவாங்க. லேபிளே இல்லாத டப்பான்னா செஞ்சவங்ககிட்ட என்னென்ன போட்டீங்கன்னு கேட்டு ஒரு துண்டுச்சீட்டுல எழுதி வாங்கிட்டுப் போங்க.